பின்கதவில் ஒட்டிய நோட்டீஸ்

கோர்ட்டில் அவரை எல்லோரும் ‘பசை’ என்றுதான் கூப்பிட்டார்கள். ஜப்தியோ ஏலமோ, நோட்டீஸைக் கொண்டுபோய் வீட்டில் ஒட்டிவிட்டு வருகிற அமீனா அவர். முப்பத்தோரு வருஷச் சர்வீஸ். ஒட்டியதைக் கிழிக்க நகம்கூட நுழையாதபடி மூலைக்கு மூலை பசை தடவுவார்; அதில் அவருக்குக் கொஞ்சம் கர்வமும் உண்டு. இத்தனை வருஷத்தில் ஒரு வீட்டுக்காவது நல்ல சேதி கொண்டுபோயிருப்பாரா என்றால் கிடையாது. கோர்ட் அதற்கெல்லாம் ஆள் வைப்பதில்லை.

ஓய்வு பெற ஆறு மாதம் இருக்கும்போது வம்பை விலைக்கு வாங்கினார். ஒரு பழைய மாடி வீட்டுக்கு ஏல நோட்டீஸ். முன்வாசலில் கட்டாத நாய். ஏற்கெனவே இரண்டு முறை கடி வாங்கிய மனுஷர், பாவம். சுற்றிப்போய், குப்பைச் சந்தில் யாரும் திறக்காத பின்கதவில் ஒட்டினார். அறிக்கையில் மட்டும் வழக்கம்போல ‘வாசற்கதவில் ஒட்டப்பட்டது’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். எத்தனையோ வீட்டில் இப்படிச் செய்து ஒன்றும் ஆனதில்லை.

இந்த முறை ஆனது. ஏலம் முடிந்த மூன்றாவது வாரம் ஒரு தையல்காரி கோர்ட் அலுவலகத்துக்கு வந்தாள். அந்த வீட்டில் குடியிருப்பவள். வீடு செத்துப்போன அப்பாவுடையது, கடன் ஓடிப்போன அண்ணனுடையது.

“வழக்கு அண்ணன் மேலதான் இருக்கு. ஏலத்தை எதிர்த்து நான் கேக்கலாமா சார்?”

தலைமை எழுத்தர் நிமிர்ந்தார். “கடன் வாங்கினவன் மட்டுந்தான் கேக்கணும்னு இல்லம்மா. விக்கிறதால யாருக்குப் பாதிப்போ அவங்களும் கேக்கலாம். அப்பா வீட்டுல உனக்கும் பங்கு இருக்கே. ஆனா ஏலத்துல என்ன தப்பு நடந்துச்சு, அதனால உனக்கு என்ன நஷ்டம்னு காட்டணும்.”

“நோட்டீஸ் ஒட்டினதே எனக்குத் தெரியாது சார்.”

“வாசக்கதவுல ஒட்டினதா எழுதியிருக்கே.”

பொய் என்று அவள் சொல்லியிருந்தால் பசை மனசாட்சியிடமிருந்து தப்பித்திருப்பார். அவளோ, “அப்ப நான்தான் கவனிக்காம விட்டுட்டேன் போல” என்று தலையில் அடித்துக்கொண்டாள். பக்கத்து மேஜையில் இருந்த பசை, எழுதிக்கொண்டிருந்த அறிக்கையை மூடி வைத்தார்.

அவள் போனதும் எழுத்தரிடம் உண்மையைக் கொட்டினார். “நானே மனு போட்டுடட்டுமா?”

“நீயா? உன் சொத்தா போச்சு? உனக்கு அதுல என்னய்யா உரிமை? வேணும்னா சாட்சி சொல்லலாம். சொன்னா உன் வேலை போயிடும்.”

வீட்டில் மனைவி ஒரே பேச்சில் முடித்தாள். “நாலு மாசம் வாயை மூடிக்கிட்டு இருங்க. பென்ஷன் இல்லாம நாம என்ன காத்தையா குடிக்கிறது?” அவள் சொன்னதிலும் தப்பில்லை. இரண்டு நாள் அவருக்குச் சோறு இறங்கவில்லை. மூன்றாம் நாள் தையல்காரியின் மெஷின் முன்னால் போய் நின்றார்.

“உன் மேல தப்பு இல்லம்மா. நான் பின்கதவுல ஒட்டினேன். ஏலத்தை எதிர்த்து மனு போடு, சாட்சியா என் பேரைச் சேரு.”

அவள் மெஷினை நிறுத்தினாள். “மூணு நாளா என்னை நானே திட்டிக்கிட்டுக் கிடந்தேனே!” என்று வெடித்து அழுதாள். அவர் குனிந்த தலை நிமிரவில்லை.

பசை சாட்சிக் கூண்டில் ஏறியதும், ஏலம் எடுத்தவரின் வக்கீல் மடக்கினார். “இந்தம்மா உங்களுக்குச் சொந்தமா?”

“இல்லீங்க.”

“பின்ன எதுக்கு உங்க அறிக்கையையே பொய்னு சொல்றீங்க?”

“அது பொய்தானுங்களே.”

ஏலம் ரத்தானது. தையல்காரியின் பங்கைப் பிரித்த பிறகே மற்றதை விற்கலாம் என்று உத்தரவு வந்தது. அதே மாதம் பசைக்கும் ஒன்று வந்தது, பணிநீக்க உத்தரவு. பொய் அறிக்கை கொடுத்ததே காரணம்.

எழுத்தர் வீடு தேடி வந்தார். “முப்பது நாளுக்குள்ள அப்பீல் போடுய்யா. இதுல பாதிக்கப்பட்டவன் நீதானே, உனக்கு முழு உரிமை இருக்கு.”

பசை உத்தரவை முதல் வரியிலிருந்து கடைசி வரி வரைக்கும் நிதானமாகப் படித்தார்.

“உரிமை இருக்கு சார். ஆனா என்ன தப்பு நடந்துச்சுன்னு காட்டணுமே. இதுல எல்லாம் சரியாத்தானே எழுதியிருக்கு.”