துறைமுகனை எழுதியவள்

நூலகத்தில் அந்தத் தடித்த புத்தகத்தை நல்லம்மாள் விரித்தது சும்மா ஓர் ஆசைக்குத்தான். 'மலேசியத் தமிழ் இதழ்களில் துப்பறியும் கதைகள்: ஒரு கையேடு' என்று அட்டையில் போட்டிருந்தது. வீட்டுக்கு இரவல் தரமாட்டார்கள், அங்கேயே உட்கார்ந்துதான் பார்க்க வேண்டும். நின்றுபோன இதழ்கள், அவற்றை நடத்தியவர்கள், அவற்றில் கொலைக்கதை எழுதியவர்கள் என்று எல்லாம் அகர வரிசையில் இருந்தன. தன் பெயர் இருக்காது என்று அவளுக்குத் தெரியும். புனைபெயர் இருக்குமே என்று 'து' வரிசைக்குப் போனாள்.

'துறைமுகன்: தீவுக்கதிர் ஆசிரியர் அமரர் அம்பிகைபாகனின் புனைபெயர். ஃபெரி ஊழியர் மாசிலாமணி என்ற துப்பறியும் பாத்திரத்தைப் படைத்து, இந்நாட்டுக் குற்றக்கதைகளில் உழைக்கும் மக்களைக் கொண்டுவந்தவர்.'

மறுபடி படித்தாள். காது மடல் சூடாகி, கண்ணாடி மூக்கிலிருந்து வழுக்கியது.

"அடப்பாவி மனுஷா!"

சத்தமாகத்தான் சொல்லிவிட்டாள். பக்கத்து மேசையில் பரீட்சைக்குப் படித்துக்கொண்டிருந்த சீனப் பெண் நிமிர்ந்து பார்த்தாள். நல்லம்மாள் புத்தகத்தை மூடி, அலமாரியில் வைக்காமல் மேசையிலேயே போட்டுவிட்டு வெளியே வந்தாள்.

துறைமுகன் அவள்தான். அப்பா வெல்டு கீ துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர். அவரை நினைத்துத்தான் அந்தப் பெயரை வைத்தாள். பள்ளி முடிந்ததும் பாயான் லெப்பாஸில் புதிதாக வந்த மின்னணுத் தொழிற்சாலையில் சேர்ந்தாள். நாள் முழுக்க மைக்ராஸ்கோப்பில் கண்ணை வைத்து, முடியைவிட மெல்லிய தங்கக் கம்பியை ஒட்டும் வேலை. கண்ணும் கையும் கம்பியில் இருக்கும், மனசு பிணத்தின் பக்கத்தில் இருக்கும். யார் கொன்றது, எப்படி மாசிலாமணி கண்டுபிடிப்பான் என்று யோசித்துக்கொண்டே ஷிப்ட் ஓடிவிடும். தொழிற்சாலைப் பேருந்தில் பக்கத்து இருக்கை லைலாவுக்கு அன்றைய கதையை மலாயில் சொல்வாள். லைலாவுக்குத் தமிழ் ஓர் எழுத்தும் தெரியாது. ஆனால் "விஷம் வேண்டாம், எல்லாரும் விஷம்தான் வைக்கிறார்கள், வேறு வழி யோசி" என்று திருத்தம் சொல்லுமளவுக்குக் கதைக்குள் இறங்கிவிடுவாள்.

ஞாயிற்றுக்கிழமைகளில் எழுதியதை எடுத்துக்கொண்டு கெலுகோரில் அம்பிகைபாகன் வீட்டுக்குப் போவாள். வீட்டின் முன்னறைதான் தீவுக்கதிர் அலுவலகம். அவர் மனைவி வள்ளிநாயகி காப்பி கொண்டுவந்து வைப்பார். முதல் கதையைப் படித்துவிட்டு அம்பிகைபாகன் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார்.

"நல்லாயிருக்குப் பிள்ளை. ஆனா ஒரு பொம்பிளைப் பிள்ளையின்ர பேரில கொலைக்கதை போட்டா சனம் சிரிக்கும். வேற பேர் ஒண்டு சொல்லும்."

சொன்னாள். இதழ் நிற்கும்வரை அந்தப் பெயரிலேயே எழுதினாள். வாசகர் கடிதங்கள் 'ஐயா துறைமுகன் அவர்களுக்கு' என்றுதான் வரும். அவளும் அம்பிகைபாகனும் சிரித்துக்கொள்வார்கள். பிறகு கல்யாணம், குழந்தை, வேலை. அம்பிகைபாகன் காலமானார். கணவர் வேலுவும் போனார். சேர்த்து வைத்திருந்த தீவுக்கதிர் பிரதிகளெல்லாம் பெருவெள்ளத்தில் கூழாகிப் போயின. அவளும் எழுத்தை விட்டுவிட்டாள். விட்டதை இன்னொருவன் எடுத்துப் போட்டுக்கொள்வான் என்று அவள் நினைக்கவில்லை.

அன்று மாலை மகள் ரூபினி வேலையிலிருந்து வந்ததும் விஷயம் கேட்டு, கையேட்டைத் தொகுத்த ஸ்ரீகரனின் தொலைபேசி எண்ணைத் தேடி எடுத்துக் கொடுத்தாள். ஓய்வுபெற்ற விரிவுரையாளர். மரியாதையானவர்தான்.

"நீங்க சொல்றது எனக்குப் புரியுதும்மா. ஆனா கையேடுன்னா ஆதாரம் வேணும். கையெழுத்துப் பிரதி ஏதாவது இருக்கா?"

"எல்லாம் அவருகிட்டதான் குடுத்தேன் சார். பத்திரிகைய வெள்ளம் கொண்டு போச்சி."

"வேற யாருக்குத் தெரியும்?"

"வள்ளியம்மாவுக்குத் தெரியுமே! அவங்க இன்னும் கெலுகோர்லதான இருக்காங்க? அவங்களக் கேளுங்க."

ஸ்ரீகரன் குரலைத் தாழ்த்தினார்.

"அம்மா, அந்தத் தகவலக் குடுத்ததே அவங்கதான்."

நல்லம்மாள் போனை ரூபினியிடம் நீட்டிவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தாள். "அம்மா, ஃபேஸ்புக்ல போட்டுக் கிழிச்சிடலாமா?" என்று ரூபினி கேட்டாள். "கிழிக்க வேணாம். மொதல்ல மூஞ்சியப் பாத்துக் கேக்கணும்," என்றாள் நல்லம்மாள்.

மறுநாள் கிராப் வாடகைக் கார் பிடித்துப் போனாள். வள்ளிநாயகி கதவைத் திறந்ததும் அடையாளம் கண்டுகொண்டார். உட்காரச் சொன்னார். காப்பி போடவா என்று கேட்டார்.

"காப்பி குடிக்க வரல. துறைமுகன் யாருன்னு அந்த சாருகிட்ட என்ன சொன்னீங்க?"

வள்ளிநாயகி மறுக்கவில்லை. அதுதான் நல்லம்மாளுக்கு இன்னும் எரிச்சலாக இருந்தது.

"நான்தான் சொன்னனான், பிள்ளை. அவர் எத்தனை வருசம் அந்தப் பத்திரிகையை நடத்தினவர்! என்ர நகையெல்லாம் அதுக்குள்ளதான் போச்சுது. எல்லாற்ற கதையையும் திருத்திப் போட்டவர். கையேட்டில அவருக்கு என்ன வைச்சிருந்தவை தெரியுமோ? 'ஆசிரியர்' எண்டு ஒரே ஒரு வரி. அவர் ஒண்டும் எழுதேல்லை எண்டுற மாதிரி."

"அதுக்கு என்னோடத எடுத்து அவருக்குப் போட்டுட்டீங்களா?"

"நீர் இவ்வளவு காலமும் கேக்கேல்லையே. வேண்டாம் எண்டு விட்டிட்டீர் எண்டு நினைச்சன்."

"கேக்காட்டி எடுத்துக்கலாமா? வெளிய காயப்போட்ட துணியா இது? பொம்பள பேரு வேணாம்னு சொன்னதே உங்க வீட்டுக்காரருதான். அன்னைக்கு என் பேர மறைச்சாரு. இன்னைக்கு மறைச்சதையே அவருக்குக் குடுத்துட்டீங்க!"

வள்ளிநாயகி முந்தானையைக் கையில் சுருட்டினார். "எனக்கு எண்பது கடந்திட்டுது. நான் போன பிறகு நீர் சொல்லும். அப்ப ஆர் தடுக்கப் போகினம்?"

"எனக்கு மட்டும் என்ன பதினெட்டா? நான் முன்னாடி போயிட்டா யாரு சொல்றது?"

செருப்பை மாட்டிக்கொண்டு படியிறங்கும்போதும் அவளுக்கு மூச்சு வாங்கியது. கோபத்திலா வயசிலா என்று பிரித்துப் பார்க்க முடியவில்லை.

அடுத்த மாதம் நகரத்தில் ஒரு மண்டபத்தில் கையேட்டு அறிமுகக் கூட்டம் நடந்தது. அம்பிகைபாகன் சார்பில் வள்ளிநாயகிக்குப் பொன்னாடை என்று அழைப்பிதழில் இருந்தது. நல்லம்மாள் போனாள். லைலாவையும் கூட்டிக்கொண்டு போனாள். முழங்கால் வலியோடு லைலா ஆயர் ஈத்தாமிலிருந்து வந்து சேர்ந்தாள்.

பொன்னாடையை விரித்துப் பிடித்த நேரத்தில் நல்லம்மாள் எழுந்தாள்.

"அத போடாதீங்க. துறைமுகன் நான்தான். மேடையில உக்காந்திருக்கிற அம்மாவுக்கு அது நல்லாத் தெரியும்."

மண்டபம் திரும்பிப் பார்த்தது. யாரோ "உக்காருங்கம்மா, அப்புறம் பேசலாம்லா" என்றார். கூட்டத்தை நடத்திய சங்கத்தின் செயலாளர் கையை உயர்த்தி அமைதி என்று சைகை காட்டினார். வள்ளிநாயகி தரையைப் பார்த்தார். ஒரு சொல் சொல்லவில்லை. ஓம் என்றாலும் போதும், இல்லை என்றாலும் போதும், முகத்தைப் பார்த்துச் சண்டை போடலாம். அந்த மௌனத்தை என்ன செய்வதென்று நல்லம்மாளுக்குத் தெரியவில்லை.

அப்போது லைலா எழுந்து மலாயில் பேச ஆரம்பித்தாள். மண்டபத்தில் எல்லோருக்கும் புரியும் மலாய்தான். தொழிற்சாலைப் பேருந்தில் தான் கேட்ட கதைகள் என்று சொல்லி, ஃபெரியில் கார்கள் நிற்கும் தளத்தில் ஒரு காருக்குள் பிணம் கிடந்த கதையை ஆரம்பித்தாள். அக்கரையில் பட்டர்வொர்த்தில் ஏறும்போது ஓட்டுநருக்கு உயிர் இருந்தது, தீவுக்கு வந்து சேரும்போது இல்லை, மற்ற கார்கள் பின்னால் ஹாரன் அடிக்கின்றன. ஆரம்பத்தில் சிரித்தவர்கள் கொஞ்ச நேரத்தில் கேட்க ஆரம்பித்தார்கள். நடுவில் நல்லம்மாள் முதலில் வைத்த முடிவு சரியில்லை என்று தான் சண்டை போட்டதையும், மறுநாள் காலை பேருந்தில் அவள் அதை மாற்றிச் சொன்னதையும் லைலா சொன்னாள்.

"இவங்களுக்குத் தமிழ் படிக்கத் தெரியுமா?" என்று ஸ்ரீகரன் மேடையிலிருந்து கேட்டார்.

"தெரியாது," என்றாள் நல்லம்மாள்.

"அப்ப இத சாட்சியா எப்படிம்மா எடுத்துக்கிறது? பத்திரிகையில படிச்ச யாரு வேணும்னாலும் இவங்களுக்குக் கதை சொல்லியிருக்கலாமே."

"அச்சுக்குப் போறதுக்கு முன்னாடி மாத்தின முடிவ, படிச்சவன் எப்படித் தம்பி சொல்லுவான்?"

செயலாளர் குறுக்கிட்டு, நிகழ்ச்சி தொடரும் என்று அறிவித்தார். பொன்னாடை வள்ளிநாயகியின் தோளில் போடப்பட்டது. கைதட்டலுக்குள் இரண்டு கிழவிகளும் ஒருவரையொருவர் பிடித்துக்கொண்டு வெளியேறினார்கள். நடைபாதையில் லைலா, வாயில் வந்த வசையையெல்லாம் மலாயில் கொட்டினாள். நல்லம்மாளுக்கு அது கொஞ்சம் ஆறுதலாகத்தான் இருந்தது.

ஸ்ரீகரனுக்கு அந்தக் கேள்வி உறுத்தியிருக்க வேண்டும். வள்ளிநாயகியைப் போய்ப் பார்த்து விசாரித்திருக்கிறார். சில வாரம் கழித்து பாயான் பாரு அடுக்குமாடியில் நல்லம்மாளின் வீட்டுக் கதவைத் தட்டினார். கையில் ஓர் அச்சடித்த சிறு தாள். கையேட்டின் எல்லாப் பிரதிகளிலும் ஒட்டப்போகும் திருத்தம் என்றார். முகத்தில் நல்ல செய்தி கொண்டுவந்த தோரணை.

'துறைமுகன் என்பது அம்பிகைபாகனும் நல்லம்மாளும் இணைந்து எழுதப் பயன்படுத்திய பெயர்.'

"வள்ளியம்மா இப்ப ஒத்துக்கிட்டாங்க. நீங்க எழுதிக்கிட்டு வருவீங்களாம், அவரு செம்மைப்படுத்துவாராம். ரெண்டு பேருக்கும் பொதுவா இருக்கட்டுமேம்மா."

நல்லம்மாள் தாளைத் திருப்பிக் கொடுத்தாள்.

"அவரு புள்ளி, காற்புள்ளி போட்டாரு. ஒற்றுப் பிழையத் திருத்துனாரு. அதுக்கு நான் நன்றி சொல்லியிருக்கேன். கதைய யாரு எழுதுனது?"

"நீங்கதான்னு நான் நம்புறேன். ஆனா அவங்க மனசும் நோகக் கூடாதில்ல? வயசானவங்க."

"எனக்கு மனசு இல்லையா? நான் சத்தம் போடுறவ, அதனால எனக்கு நோகாதுன்னு நெனச்சிட்டீங்களா? பாதிக் கொலைன்னு ஒண்ண நீங்க எந்தக் கதையிலயாவது படிச்சிருக்கீங்களா, தம்பி? பாதி போட்டா அது பொய்தான். இதுக்குப் பதிலா, யாருன்னே தெரியலன்னு போட்டுடுங்க."

ரூபினி கொண்டுவந்து வைத்த தேநீரைத் தொடாமலே அவர் எழுந்தார். கடைசியில் புத்தகங்களில் ஒட்டியது வேறொரு தாள்: 'துறைமுகன் யார் என்பதில் கருத்து வேறுபாடு உண்டு.' நூலகப் பிரதியில் அது கொஞ்சம் கோணலாக ஒட்டியிருக்கிறது. நல்லம்மாள் ஒரு முறை போய்ப் பார்த்துவிட்டு வந்தாள். அதற்குப் பிறகு அந்த அலமாரிப் பக்கம் போகவில்லை.

கோபத்தை என்ன செய்வது? பாத்திரத்தைத் தேய்த்தாள், ரூபினியைக் காரணமில்லாமல் திட்டினாள், கோயிலுக்குப் போய்ச் சாமியிடம் சண்டை போட்டாள். பிறகு ஒரு நாள் காலையில் உட்கார்ந்து எழுத ஆரம்பித்தாள். மாசிலாமணியைக் கூப்பிடவில்லை. இந்தக் கதையில் துப்பறிபவள் தொழிற்சாலையில் மைக்ராஸ்கோப் பார்க்கும் ஒரு பெண். தரக்கட்டுப்பாட்டு அறையில் ஒரு மேலாளர் செத்துக் கிடக்கிறான். எழுதி முடித்து, கோலாலம்பூரிலிருந்து வரும் ஒரு மாத இதழுக்கு ரூபினியைக் கொண்டு மின்னஞ்சலில் அனுப்பினாள்.

இதழின் ஆசிரியை சிந்துஜா இளம்பெண். கதை பிடித்துப்போய் அவளே அழைத்தாள்.

"ஆன்ட்டி, செமயா இருக்கு! ஒண்ணே ஒண்ணு. 'துறைமுகன் பாணியில்'னு மேல ஒரு வரி போட்டா சீனியர் வாசகர்கள் கண்டிப்பா படிப்பாங்க."

நல்லம்மாளுக்குத் திட்டு வாய்வரை வந்தது. இந்தப் பெண்ணைத் திட்டி என்ன ஆகப்போகிறது என்று ஒரு கணம் நிறுத்தினாள். ஆனால் குரல் அடங்கவில்லை.

"நான் யாரு பாணியிலயும் எழுதலம்மா. என் பாணியில எழுதியிருக்கேன். நல்லம்மாள்னு போடு. மேலயும் வேணாம், கீழயும் வேணாம், அடைப்புக்குறியும் வேணாம். முடியாதுன்னா கதையத் திருப்பி அனுப்பிடு."

சிந்துஜா தயங்கி, சரி என்றாள். கதை அப்படியே வந்தது. லைலா வீட்டுக்குப் போய் நல்லம்மாள் அதை மலாயில் வரிவரியாகச் சொன்னாள். கொலைகாரன் பாதியிலேயே தெரிந்துவிட்டான் என்று லைலா குறை சொன்னாள். இருவரும் அதைப் பற்றி மாலைவரை சண்டை போட்டார்கள்.

வள்ளிநாயகியும் அந்த இதழை வாங்கிப் படித்தாராம். நன்றாக இருக்கிறது, தன் கணவர் இருந்திருந்தால் சந்தோஷப்பட்டிருப்பார் என்று ஸ்ரீகரன் மூலம் சொல்லி அனுப்பினார்.

நல்லம்மாள் அதற்குப் பதில் சொல்லி அனுப்பவில்லை.