கமராவுக்கு ஒரு சிரிப்பு

அந்தத் தகரப் பெட்டியைத் திறந்ததும் வினாகிரி வாடை அடித்தது. படச்சுருள் கெடத் தொடங்கினால் அப்படித்தான் மணக்கும். எண்பதுகளில், பழைய படச்சுருள்களை வீடியோ நாடாவுக்கு மாற்றும் சிறிய கூடமொன்றில், நாங்கள் குடியேறிய வெளிநாட்டு நகரின் கிளென் ஈடன் பகுதியில், நான் தொழில்நுட்ப வேலை பார்த்தேன். பெட்டியைக் கொண்டுவந்தவர் அதே நகரின் மவுண்ட் ரோஸ்கில் பகுதியில் எங்கள் பக்கத்து வீட்டுக்காரர். ஒரு காலத்தில் கெய்ரோவில் அரபுப் படங்களில் நடித்தவர். நான் அவரை அங்கிள் என்பேன்.

நாயகனாக அவர் ஒருபோதும் நடித்ததில்லை. சாவதுதான் அவருடைய வேலை. சுடப்பட்டு, நஞ்சு குடித்து, நைல் நதியில் அமிழ்ந்து, தூக்கில் தொங்கி, ஒருமுறை ஒட்டகத்தின் காலடியில். "ஒட்டகம் என்னைவிட நன்றாக நடித்தது" என்பார். அவர் வேலை செய்த இடத்தில் ஒரு வழக்கம் இருந்ததாம். செத்துக் கிடந்தவர் எழுந்து, கமரா ஓடும்போதே அதைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். இல்லாவிட்டால் நடித்த சாவு ஆளோடு ஒட்டிக்கொள்ளும். கடைசிப் படத்தில் படிக்கட்டில் சுடப்பட்டு விழுந்தார். எழுந்து சிரித்தது நினைவிருந்தது. அப்போது கமரா ஓடியதா என்பதுதான் தெரியவில்லை. பெட்டியில் இருந்த அந்தச் சுருளைப் பார்க்க அவர் துணிந்ததே இல்லை. இப்போது இதய அறுவைச் சிகிச்சைக்கு நாள் குறித்திருந்தார்கள்.

ஓட்டிப் பார்த்தேன். விழுகிறார். கண் திறந்தபடி கிடக்கிறார். ஒரு கை காட்சிப் பலகையைத் தலைகீழாக நீட்டுகிறது, காட்சி முடிந்தது என்பதற்கு. பிறகு வெறும் வெளிச்சம்.

"இல்லை, அங்கிள்" என்றேன்.

வீட்டில் இதைச் சொன்னதும் அம்மா என்மேல் பாய்ந்தார். "ஒப்பரேஷனுக்குப் போற மனுசனுக்கு ஆரும் இப்பிடிச் சொல்லுவினமோ? உன்ர கமராவாலை இப்ப எடுத்துக் குடன்!"

அறுவைக்கு முதல்நாள் வீடியோ கமராவைக் கொண்டுவந்தேன். அவர் வீட்டில் படிகள் இல்லாததால் எங்கள் பின்படிக்கட்டைக் கேட்டார். அம்மா பதறினார். "ஐயோ, எங்கட வாசல்லையோ செத்த ஆள் மாதிரிக் கிடக்கிறது?" பிறகு இரங்கி, "வடக்கை மட்டும் தலை வைக்க வேண்டாமெண்டு சொல்லு" என்றார். படத்தில் விழுந்தபடியேதான் விழவேண்டும் என்றார் அவர். தலை வடக்கே போனது.

எழுந்து உட்கார்ந்து கமராவைப் பார்த்தார். வாய் விரிந்தது, சத்தம் வரவில்லை. அக்காலக் கமராவில் கண்வைத்துப் பார்த்தால் எல்லாம் கறுப்பு வெள்ளைதான். அதற்குள் நான் கண்டது சுருளில் கிடந்த அதே முகத்தை.

"சிரித்தேனா?" என்று கேட்டார்.

அம்மா முந்திக்கொண்டார். "ஓம், ஓம்! வடிவாய்ச் சிரிச்சனீங்கள்."

எங்களோடு பழகி அவர் அறிந்திருந்த ஒரே தமிழ்ச் சொல், ஆம் என்பதற்கு நாங்கள் சொல்லும் அந்த ஓம். அவருடைய தோள்கள் தளர்ந்தன. மறுநாள் டாக்சியில் ஏறும்போதும் அம்மாவைப் பார்த்து, "ஓம்" என்றார்.

அவர் திரும்பி வரவில்லை. நாடா இன்னும் என்னிடம் இருக்கிறது. தொலைக்காட்சியில் போட்டால் எல்லாம் நிறத்தோடு தெரிகிறது. வானம் நீலம், அவருடைய சட்டை மஞ்சள். சிரிப்பு மட்டும் இல்லை. அம்மாவின் குரல் கேட்கிறது: "வடிவாய்ச் சிரிச்சனீங்கள்."