தண்ணீர் அடைத்த இரண்டு மணி நேரம்

கோழிப் பண்ணையில் அவளுக்குப் பெயர் பிளீச்சிங் அக்கா. பதினோரு வருடமாக வெள்ளைப் பொடி வாளியும் பிரஷ்ஷும் கையுமாகத் திரிகிறவளை வேறு எப்படிக் கூப்பிடுவார்கள்? ஆனால் முகத்துக்கு நேராக ஒருவரும் கூப்பிட்டதில்லை. அவள் வாய் அப்படி.

வாய் இருந்தாலும் வேலையில் குறை சொல்ல முடியாது. காலையில் கொட்டகைக்குள் நுழைந்ததும் கோழியைப் பார்க்க மாட்டாள். குனிந்து தரையில் பரப்பிய உமியைத்தான் பார்ப்பாள். எச்சம் கெட்டியாக, மேலே கொஞ்சம் வெள்ளையோடு இருந்தால் வயிறு சரி. நுரைத்திருந்தால் தீவனத்தில் கோளாறு. ரத்தம் தெரிந்தால் உமி ஈரம் பட்டுவிட்டது. டாக்டர் செத்த கோழியை அறுத்துப் பார்த்துச் சொல்வதை இவள் முந்தின நாளே சொல்லியிருப்பாள். ஒரு தடவை அவரே, அப்புறம் நான் எதுக்கும்மா வரேன் என்று கேட்டுவிட்டார். அது தலைக்கு ஏறாமல் இருந்திருக்கலாம். ஏறிவிட்டது, என்ன செய்ய?

மகளைக் கட்டியவனைப் பண்ணையில் மருந்து கலக்கிற வேலைக்குச் சேர்த்துவிட்டதும் அவள்தான். மாப்பிள்ளையை வாங்க, போங்க என்று மரியாதை குறையாமலே மானத்தை வாங்கக்கூடிய மாமியார் அவள் ஒருத்தியாகத்தான் இருப்பாள். பூட்ஸ் கழுவலையா, வாளியைக் கவிழ்க்கலையா, நகத்துல என்ன அழுக்கு என்று ஆரம்பித்தால் நிறுத்த மாட்டாள். அவன் பாவம், தலையைக் குனிந்துகொண்டு போய்விடுவான்.

வெள்ளைக் கழிச்சலுக்குத் தடுப்பு மருந்து முன்பெல்லாம் கோழியைப் பிடித்துக் கண்ணில் சொட்டு விடுவார்கள். இந்தத் தடவைதான் முதன்முதலாகத் தண்ணீரில் கொடுத்தார்கள். மாப்பிள்ளை இரண்டு நாள் முன்னதாகவே தொட்டியில் பிளீச்சிங் போடுவதை நிறுத்தியிருந்தான். கோழிகளுக்குத் தாகம் எடுக்க வேண்டும் என்று அன்று காலை இரண்டு மணி நேரம் தண்ணீரை அடைத்துவிட்டு, வாளியில் மருந்து கலக்கப் போனான்.

அந்த இரண்டு மணி நேரமும் தண்ணீர்க் கிண்ணங்கள் காலியாகக் கிடந்தன. எப்போதும் நிரம்பியிருக்கிற கிண்ணங்கள். உள்ளே பார்த்தால் வழவழவென்று பாசி. அவள் கை சும்மா இருக்குமா? இதை விட்டால் வேறு நேரம் கிடைக்காது என்று பிளீச்சிங்கைக் கரைத்துத் தேய் தேய் என்று தேய்த்து, மேலோட்டமாக அலசி வைத்தாள். தொட்டியில்தானே போடக் கூடாது, கிண்ணத்துக்கு என்ன வந்தது என்று அவள் நினைப்பு. பிறகு மாப்பிள்ளை வந்து ஒவ்வொரு கிண்ணத்திலும் மருந்துத் தண்ணீரைக் குவளையால் ஊற்றிக்கொண்டு போனான்.

மருந்து கொடுத்த பன்னிரண்டாம் நாள் டாக்டர் வந்து உள்ளே நுழையாமல் வாசல் கேட்டிலேயே நின்றார். பாலத்துக்கு அந்தப் பக்கம் ஒரு பண்ணையில் வெள்ளைக் கழிச்சலாம். ஒரே வாரத்தில் கொட்டகை காலி. முதலாளி, மாப்பிள்ளை, அவள் மூவரும் நின்றார்கள்.

"அது உயிருள்ள மருந்து. கிண்ணத்துல பிளீச்சிங் துளி ஒட்டியிருந்தாலும் செத்துடும். அப்புறம் கோழி குடிச்சது வெறும் தண்ணிதான். இங்க அப்படி எதுவும் நடக்கலையே? சந்தேகம்னா இப்பவே சொல்லுங்க, இன்னிக்கே மறுபடி கொடுத்துடலாம்."

தொட்டியில் முன்னாடியே நிறுத்திவிட்டதாக மாப்பிள்ளை தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னான். அவளுக்குக் கிண்ணங்கள் ஞாபகம் வந்தன. சொல்லிவிடலாம், ஒரு வாக்கியம்தான். ஆனால் முதலாளி முன்னால், இத்தனை வருடப் பெயரோடு, நான்தான் கெடுத்தேன் என்று எப்படிச் சொல்வாள்? பேசாமல் நின்றுவிட்டாள், படுபாவி.

அடுத்த மூன்று நாளும் அவள் ஓயாமல் வேலை செய்தாள். கேட்டிலிருந்து கொட்டகை வரை பிளீச்சிங் தூவினாள். வண்டிச் சக்கரத்தைக் கழுவினாள். காக்கையைக் கல்லெறிந்து விரட்டினாள். வெளியே இருப்பதெல்லாம் வெளியிலேயே நின்றுவிட்டால் போதும் என்று வேண்டிக்கொண்டாள்.

நான்காம் நாள் காலை, மூலையில் ஒரு கோழி இறகை உப்பிக்கொண்டு கண் சொருகி உட்கார்ந்திருந்தது. அதன் கீழே பச்சையும் வெள்ளையுமாகத் தண்ணீர் போன்ற எச்சம். அவள் பின்னால் திரும்பிப் பார்த்தாள். யாரும் இல்லை. காலால் உமியைத் தள்ளி அதை மூடினாள்.

மத்தியானத்துக்குள் மூட முடியாத அளவுக்கு ஆகிவிட்டது. இரண்டு கோழிகள் கழுத்தை முறுக்கிக்கொண்டு சுற்றின. டாக்டர் வந்து, வெள்ளைக் கழிச்சல்தான், தடுப்பு மருந்து பிடிக்கவில்லை என்றார். மருந்து கலக்கியவன் யார் என்று முதலாளிக்குத் தெரியாதா? சாமானை எடுத்துக்கொண்டு இன்றைக்கே கிளம்பு என்று மாப்பிள்ளையிடம் சொல்லிவிட்டார். அவன் தலையைக் குனிந்தபடி வெளியே போனான்.

அப்போதுதான் அவள் வாய் திறந்தாள். கிண்ணத்தைத் தேய்த்தது நான், மூன்று நாளாகத் தெரிந்தும் சொல்லாமல் இருந்தது நான் என்று எல்லாவற்றையும் கொட்டினாள். முதலாளி டாக்டரைத் திரும்பிப் பார்த்தார்.

"அன்னிக்கே கேட்டேனேம்மா," என்றார் டாக்டர்.

மாப்பிள்ளை வெளியே குழாயடியில் பூட்ஸ் கழுவிக்கொண்டிருந்தான். அவள் பக்கத்தில் போய் நின்று, வேலை எங்கும் போகாது, நான் சொல்லிவிட்டேன், உங்கள் மேல் தப்பில்லை என்றாள். அவன் நிமிரவில்லை.

"தப்பு இருக்கு அத்தை. மருந்து ஊத்தும்போதே பிளீச்சிங் வாடை வந்துச்சு."

"அப்பவே ஏன் சொல்லல?"

"கிண்ணத்தைப் பத்திக் கேட்டா கத்துவீங்கன்னு ஊத்திட்டேன். டாக்டர் கேட்டப்பவும் நீங்க பக்கத்துல நின்னீங்க."

அவன் பூட்ஸைக் கவிழ்த்துத் தண்ணீரை வடித்தான். சுவருக்கு அந்தப் பக்கம் நாலாயிரம் கோழிகள் கரகரவென்று மூச்சு வாங்கிக்கொண்டிருந்தன.