கிணற்றடிக் காட்சிக்குக் கொடுத்த குரல்

நம்பாவிட்டாலும் பரவாயில்லை கண்ணுகளா, கொஞ்சம் கிட்ட உட்கார்ந்து கேளுங்கள். அந்தக் குரல் என் தொண்டையிலிருந்து வந்தது. நடக்கவில்லை என்று நான் எப்படிச் சொல்வேன்?

1978 ஆகஸ்ட், மாட்ரிட். தெருவே மதியத் தூக்கத்தில் கிடந்த நேரம். எங்கள் நாட்டை ஆண்ட சர்வாதிகாரி செத்து, சினிமாத் தணிக்கையும் ஒழிந்திருந்தது. முன்பு வெட்டிய காட்சிகளை ஒட்டிப் பழைய படங்களை மறுபடி வெளியிட்டார்கள். அப்படி வெட்டிய ஒரு படத்துண்டு வந்தது. கறுப்பு உடுத்திய பெண் ஒருத்தி கிணற்றுக்குள் குனிந்து பார்க்கிறாள். ஒலி இல்லை. வசனத்தாளும் இல்லை. நடித்தவள் இறந்து பல வருடம். உதட்டசைவைப் பார்த்து வசனம் பிடித்துக் குரல் கொடுப்பது என் தொழில்.

“முத்தத்தை வெட்டுவாங்க, சரி. கிணத்தை எதுக்கு வெட்டினாங்க காசில்டா? அது என்ன அம்மணமாவா நின்னுச்சு?” ஒலிப்பதிவாளர் எலாதியோ சிரித்தான்.

அவன் சிரித்து நாளாகியிருந்தது. உள்நாட்டுப் போரில் அவன் அப்பாவை இழுத்துப் போனவர்கள், எங்கே போட்டார்கள் என்று கடைசிவரை சொல்லவில்லை. இப்போது அம்மா சாகக் கிடந்தாள். “அவர் பக்கத்துலதான் என்னைப் புதைக்கணும்.” அது ஒன்றுதான் அவள் கேட்டது.

விளக்கை அணைத்தோம். துண்டை வளையமாக ஒட்டித் திரும்பத் திரும்ப ஓட்டினோம். டக்... டக்... ஒட்டு கடக்கும் சத்தம்.

முதல் சுற்று. உதடு அசைந்தது. “கீழே பாரு,” என்றேன்.

அடுத்த சுற்று. அதே துண்டு. அதே உதடு. ஆனால்... “கீழே இருக்காரு.”

“மாத்தாதே. ஒரே வசனத்தைச் சொல்லு.”

“நான் மாத்தலைடா. அவதான் மாத்துறா.”

டக்...

அவள் கிணற்றைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தாள்.

என் வாய் தானாகத் திறந்தது.

“அனஸ்தாசியோவை மேலே எடுங்க.”

சுருள் நின்றது. ஒலிப்பதிவு அறைக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் எலாதியோ முகம் வெளுத்திருந்தான்.

“எங்கப்பா பேரு... உனக்கு யாரு சொன்னா?”

யாரும் சொல்லவில்லை.

படம் எடுத்த இடத்தைத் தேடிப் போனான். அவன் ஊருக்கு அடுத்த மலைச்சரிவு. தூர்ந்த கிணறு. தோண்டினார்கள். எலும்புகள். கூடவே ஒரு பெல்ட் கொக்கி; அதில் அம்மா ஊசியால் கீறிக் கொடுத்த அவர் பெயரின் முதல் எழுத்து. அதைத் தடவிப் பார்த்துவிட்டுத்தான் அவள் கண்ணை மூடினாள். இருவரும் இப்போது பக்கத்தில் பக்கத்தில்.

அதோடு முடிந்திருந்தால் நான் நிம்மதியாகத் தூங்கியிருப்பேன்.

சர்வாதிகாரிக்குப் பயந்து மெக்சிகோ போயிருந்த அந்தப் படத்தின் இயக்குநர் திரும்பி வந்து, வெளியிடும் முன் படத்தைப் போட்டுப் பார்த்தார்.

“இங்க எதுக்கும்மா வசனம் வச்சீங்க? அவ பேசவே மாட்டாளே. பேசாம ஒரு பார்வை பார்த்தா பாருங்க, அதைத்தான் தணிக்கைக்காரங்களால தாங்க முடியல.”

துண்டை வெளிச்சத்தில் பிடித்து ஒவ்வொரு கட்டமாகப் பார்த்தோம்.

ஒன்றில்கூட அவள் வாய் திறக்கவில்லை.