ஏழுமலை அண்ணன் போட்ட இரண்டு டிக்கெட்

போன திங்கட்கிழமை விழுப்புரம் பேருந்து நிலையத்தில் எட்டு இருபது திண்டிவனம் வண்டியில் ஏறியபோது, டிக்கெட் மெஷின் வேறொருவர் கையில் இருந்தது. "ஏழுமலை அண்ணன் லீவா?" என்று யாரோ கேட்டார்கள். டிரைவர் திரும்பவில்லை. "நேத்து காலைல நெஞ்சுவலி. போயிட்டாருப்பா," என்றார். அன்று விக்கிரவாண்டி வரை ஜன்னல் சீட்டுக்கு யாரும் சண்டை போடவில்லை.

அந்த வண்டியில் தினமும் வருகிற உங்களுக்கு நம் கண்டக்டரைத் தெரியும். என்னைத் தெரிந்திருக்காது. பின்பக்கம் துப்பட்டாவைப் போர்த்திக்கொண்டு உட்கார்ந்து வருவேன். வகுப்பில் மூன்று முறை வலிப்பு வந்ததால் ஒன்பதோடு என் படிப்பு நின்றது. திண்டிவனத்தில் தையல் கடை வேலை கிடைத்தபோது அம்மா ஒரே ஒரு நிபந்தனை வைத்தார்: வழியில் ஒரு தடவை வலிப்பு வந்தாலும் வேலை கிடையாது, வீடுதான். வலிப்பைப் பற்றி வண்டியில் யாரிடமும் சொல்லாமல் போய் வந்தேன்.

இருபதாம் நாளே வந்துவிட்டது. நடந்தது எனக்கு நினைவில்லை, பக்கத்து சீட்டு அக்கா சொன்னதுதான். நான் விழுந்ததும் ஆளாளுக்குச் சாவியை என் கையில் திணித்தார்களாம். வீட்டுச் சாவி, பைக் சாவி, பூட்டோடு சேர்ந்த சாவி. போதாதென்று ஒருவர் டிரைவரிடம், "வண்டி சாவிய குடுங்க, ஜல்தி!" என்றாராம்.

"வண்டி சாவிய குடுத்துட்டு ஆஸ்பத்திரிக்குத் தள்ளிக்கினு போவியா?" என்றார் ஏழுமலை அண்ணன். "இரும்பு புடிச்சா வலிப்பு நிக்கும்னா, தெனம் கம்பிய புடிச்சிக்கினு நிக்கிற உங்களுக்கு எந்த வியாதியும் வரக்கூடாதே! நவுருங்க, காத்து வரட்டும்."

என்னை ஒருக்களித்துப் படுக்க வைத்து, அக்காவின் துணிப்பையைத் தலைக்குக் கீழே வைத்தார். ஒருவர் என் பல்லுக்கிடையில் வைக்க ஸ்பூனோடு வந்தார். "வாயில எதையும் வெக்காத. அது உனக்கு மத்தியானம் சாப்பிட வேணும்," என்று அவரை அனுப்பினார். அண்ணனுக்குக் கைக்கடிகாரம் கட்டும் பழக்கமில்லை. நான் விழுந்ததும் மெஷினில் ஒரு டிக்கெட் போட்டிருந்தார். உதறல் நின்றதும் இன்னொன்று போட்டார். டிக்கெட்டில் மணி விழும் அல்லவா?

நான் கண் விழித்ததும், "பேரு என்னம்மா?" என்றார்.

"சத்யா."

"இது எந்த ஊரு?"

"தெரியலண்ணா."

"இந்த ஜன்னல் அழுக்குல யாருக்குமே தெரியாது. நீ நல்லாத்தான் இருக்க." இரண்டு டிக்கெட்டையும் என்னிடம் கொடுத்தார். "டாக்டர்கிட்ட காட்டு. மூளையில கொஞ்ச நேரம் கரண்டு தாறுமாறா ஓடுது, அவ்ளோதான். அஞ்சு நிமிசம் தாண்டுனா ஆம்புலன்ஸ். அதுக்குத்தான் மணி. என் தங்கச்சிக்கும் இருக்குது. மாத்திரைய உடாம போட்டுக்கினு மூணு புள்ளைங்கள வளக்கறா."

விஷயம் தெரிந்ததும் அன்று சாயங்காலமே அம்மா என்னை டாக்டரிடம் கூட்டிப் போனார். "எவ்ளோ நேரம் இருந்துச்சு?" என்று டாக்டர் கேட்டார். அந்த வண்டியிலேயே இல்லாத அம்மா, "அரை மணி நேரம் சார்," என்றார். நான் டிக்கெட்டுகளை நீட்டினேன்.

"எட்டு நாப்பத்தேழு, எட்டு நாப்பத்தொம்பது. ரெண்டு நிமிசம்தான். இந்த ரெண்டாவது ஏன் அரை டிக்கெட்?"

எனக்குத் தெரியவில்லை. பிறகு அண்ணனிடம் கேட்டதற்கு, "போற வலிப்புதானே, அதுக்கு எதுக்கு முழு டிக்கெட்டு?" என்றார்.

டாக்டர் மாத்திரையை மாற்றினார். "இப்டி மணி பாக்கற ஆளு இருக்கற வண்டின்னா தைரியமா அனுப்புங்கம்மா," என்றார். மறுநாள் அம்மா அந்த ஆளைப் பார்க்கவே பேருந்து நிலையம் வந்தார். "இவரா? சட்ட பட்டனையே மாத்திப் போட்டுக்கினு இருக்காரே," என்று முணுமுணுத்தார். ஆனால் அனுப்பிவிட்டார். இரண்டு வருடமாகப் போய் வருகிறேன்.

செவ்வாய்க்கிழமை புதுக் கண்டக்டர் என் பக்கம் வந்தார். அந்த வண்டியில் நான் சத்தமாகப் பேசியதே இல்லை. "திண்டிவனம் ஒண்ணு. அண்ணா, எனக்கு வலிப்பு வரும். வந்தா உடனே ஒரு டிக்கெட் போடுங்க."

"வலிப்புக்கு எதுக்கும்மா டிக்கெட்டு?"

நான் வாய் திறப்பதற்குள் வண்டி மொத்தமும் அவருக்கு விளக்க ஆரம்பித்தது. ஸ்பூன்காரர் குரல்தான் எல்லோருக்கும் மேலே கேட்டது: "வாயில மட்டும் எதையும் வெச்சிடாதீங்க சார்!"

அண்ணனுடைய இரண்டு டிக்கெட்டும் என் மாத்திரை டப்பாவில் இருக்கின்றன. எழுத்தெல்லாம் அழிந்து வெள்ளைத்தாள் ஆகிவிட்டன. பரவாயில்லை. எட்டு நாற்பத்தேழு, எட்டு நாற்பத்தொன்பது. எனக்கு மனப்பாடம்.