ஜெபகுமாரின் நாற்பது வினாடி

ஜெபகுமாரைப் பற்றி முதலிலேயே நல்லதாக நாலு வார்த்தை சொல்லிவிடுகிறேன். பிறகு மனம் வராது. காஞ்சிபுரம் பேருந்து நிலையத்தில் இருபது வருடமாக ஆட்டோ ஓட்டுகிறான். குடிக்க மாட்டான். ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்குப் போகாமல் இருக்க மாட்டான். ஸ்டாண்டில் என் வண்டிக்குப் பின்னால்தான் அவன் வண்டி நிற்கும். நடிப்பு என்றால் என்னவென்று அவனுக்குத் தெரியாது.

எனக்குத் தெரியும். தாமல் பக்கத்துப் பாரதக் கூத்தில் இருபத்திரண்டு வருடமாக நான்தான் துரியோதனன். மைக் இல்லாமலே கடைசி வரிசைவரை என் குரல் போகும்.

போன வருடம் ஒரு மலையாளப் படக்குழு, கல்யாணப் புடவை எடுக்கும் காட்சிக்காக இங்கே வந்தது. ஆஸ்பத்திரி வாசலில் மகளுக்காகக் காத்திருக்கும் தமிழ் ஆட்டோக்காரனாக நடிக்க ஓர் ஆள் தேவைப்பட்டது. ஸ்டாண்டே என்னைக் கைகாட்டியது. நான் மாரில் அடித்துக்கொண்டு அழுததில் தெருவில் போனவர்கள் நின்றுவிட்டார்கள். இயக்குநர் ஒரு பெண். "நல்லா இருக்கு, ராஜகோபால் அண்ணா. கொஞ்சம் கம்மியா," என்றாள். கம்மி செய்தேன். இன்னும் கம்மி என்றாள். அதற்குமேல் கம்மி செய்தால் அதில் நான் எங்கே இருப்பேன்?

கடைசியில், அவர்களுக்கு டீ வாங்கி வந்த ஜெபகுமாரை பெஞ்சில் உட்காரவைத்து எடுத்தார்கள். நாற்பது வினாடி. வசனம் கிடையாது. செருப்பைக் கழற்றினான், மறுபடி மாட்டினான், அவ்வளவுதான்.

படம் ஓடிடியில் வந்தது. பிரேசிலில் எவனோ அந்த நாற்பது வினாடியை மட்டும் வெட்டிப் போட, லட்சக்கணக்கான பேர் பார்த்திருக்கிறார்கள். அயர்லாந்தில் நர்ஸாக இருக்கும் ஒரு மலையாளப் பெண், புடவை எடுக்க வந்தவள், என் ஆட்டோவிலிருந்து இறங்கி ஓடிப்போய் அவனோடு செல்ஃபி எடுத்துக்கொண்டாள். என் துரியோதனனை வாலாஜாபாத்துக்கு அப்பால் ஒருவருக்கும் தெரியாது. வயிறு எரிந்தது. மறைப்பானேன்.

"நான் இன்னாண்ணா பண்ணேன்? சும்மா குந்திக்கினு இருந்தேன்," என்றான் அவன். அந்தப் பணிவைத்தான் என்னால் கொஞ்சமும் பொறுக்க முடியவில்லை.

போன வாரம் மதியச் சாப்பாட்டுக்கு வீட்டுக்குப் போனேன். என் மனைவி செல்லியம்மாள் போனில் அதே காட்சியைப் பார்த்து முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள். கூத்தின் கடைசி நாள், படுகளத்தில் துரியோதனனாக நான் செத்து விழும்போது ஊர்ப் பெண்கள் அத்தனை பேரும் ஒப்பாரி வைப்பார்கள். இவள் ஒரு வருடமாவது அழுதாளா? இல்லை.

"அவன் செருப்பு மாட்றதுக்கு அழற. நான் சாவறப்ப மட்டும் ஏன் அழல?" என்று கேட்டேன்.

அவள் தட்டை வைத்துச் சோற்றைப் போட்டாள்.

"அழுகை எப்பிடிய்யா வரும்? செத்துக் கிடக்கறப்பவே அரைக் கண்ணத் தொறந்து, யார் யார் அழறாங்கன்னு பாத்துக்கினு இருப்ப. மத்தவங்க துரியோதனனப் பாத்து அழுவாங்க. நான் உன்னத்தான பாத்துக்கினு இருப்பேன்."