நல்லா இருக்கோம் என்று சொல்லாத அக்கா

அன்புப் பிள்ளைகளே,

அத்தை நம்மை விட்டுப் போய் இன்றோடு ஓராண்டு ஆகிறது. இந்த நினைவு மலரை உறவினர்களும் நண்பர்களும் வாசிப்பார்கள். ஆனாலும் நான் உங்களுக்காகத்தான் எழுதுகிறேன். யார் நலம் கேட்டாலும் அத்தை ஏன் "இருக்கேன்" என்று மட்டும் சொல்கிறார், "நல்லா இருக்கேன்" என்று ஏன் சொல்வதில்லை என்று சின்னவள் ஒருமுறை பிரெஞ்சில் கேட்டாள். அதற்கான பதிலை இப்போது எழுதுகிறேன்.

உங்கள் அத்தை, என் அக்கா, புதுச்சேரியில் பிறந்தவர். எங்கள் அப்பா அரசாங்க அலுவலகத்தில் எழுத்தர். வேலையில் இருக்கும்போதே மாரடைப்பில் காலமானார். அப்படி இறந்தவர் குடும்பத்தில் ஒருவருக்குக் கருணை அடிப்படையில் வேலை கேட்கலாம். அக்கா அப்போது பள்ளிப் படிப்பை முடித்திருந்தார், வயதும் இருந்தது. நான் மூன்றாம் வகுப்பு. பெண் இன்னொரு வீட்டுக்குப் போய்விடுவாள், வேலை பையனுக்கு இருக்கட்டும் என்றார் பெரியப்பா. அம்மாவும் சரி என்றார். அக்காவை யாரும் கேட்கவில்லை. அவரும் வாய் திறக்கவில்லை. துணிக்கடையில் நாள் முழுக்க நின்று வேலை பார்த்து எங்களுக்குச் சோறு போட்டார்.

எனக்குப் பதினெட்டு ஆனதும் மனுப் போட்டோம். காலம் கடந்துவிட்டது என்று மறுத்தார்கள். வழக்குப் போட்டோம், அதுவும் தள்ளுபடி. நீதிமன்ற வராந்தாவில் வக்கீல் பொறுமையாகவே விளக்கினார். சம்பாதித்தவர் போனதும் குடும்பம் தவிக்குமே, அந்தத் தவிப்புக்குத்தான் இந்த வேலையாம். சொத்து மாதிரி பிள்ளைக்கு வராதாம். சிறுவன் வளரும்வரை யாரும் பிடித்து வைக்கவும் மாட்டார்களாம்.

"இத்தனை வருஷம் எப்படியோ சமாளிச்சிட்டீங்களேம்மா. அதைத்தான் ஜட்ஜ் பாக்குறார்."

"அப்ப நாங்க பட்டினி கிடந்து செத்திருந்தா குடுத்திருப்பாங்களா, சார்?" என்று அக்கா கேட்டார்.

வக்கீல் தன் கறுப்பு அங்கியைக் கழற்றி மடித்தார்.

சமாளிச்சிட்டீங்களே என்ற அந்தப் பேச்சு கடல் தாண்டியும் அக்காவை விடவில்லை. உங்கள் மாமாவைக் கட்டிக்கொண்டு பாரீசுக்கு வந்தார், பள்ளிக்கூடச் சமையற்கட்டில் பாத்திரம் கழுவினார், பிறகு என்னையும் வரவழைத்தார். பாரீசை ஒட்டிய ஆர்ஜொந்தெயில் நாம் வீடு வாங்கிய அன்று எல்லோரும் வாழ்த்த, அக்கா மட்டும் என் காதருகே வந்து, "நல்லா இருக்கோம்னு சத்தமா சொல்லாதடா. எவனாவது எழுதிக்கப் போறான்" என்றார். நான் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.

பாரீசின் தமிழ்க் கடைத்தெருவான லாஷப்பலில் மளிகைக் கடை வைத்திருக்கும் யாழ்ப்பாணத்து அண்ணையின் தம்பி இறந்தபோது, அடக்கம் முடிந்த மறுநாளே அக்கா கடை வாசலில் நின்றார். தம்பி மனைவியின் உதவித்தொகைக்கு உடனே எழுதிக் கொடுக்க வேண்டும் என்று.

"தேத்தண்ணியைக் குடிச்சிட்டுப் போவம் அக்கா. கந்தோர் என்ன ஓடியே போகுது?"

"ஆபீஸ் ஓடாது, கெடு ஓடிடும். கிளம்புங்க."

கடைசி நாட்களில் ஆஸ்பத்திரியில் அக்காவுக்கு ஆள் அடையாளம் தெரியவில்லை. ஒரு காலையில் தலை சீவிவிடச் சொன்னார். பிறகு என்னை யாரோ அதிகாரி என்று எண்ணிக்கொண்டு எழுந்து உட்காரப் பார்த்தார். தாதிமார் தூக்கி உட்கார வைத்தார்கள்.

"சார், தம்பி சின்னப் பையன். அவன் வளர்றதுக்குள்ள எல்லாம் போயிடும். வேலையை எனக்கே குடுங்க."

அப்பா இறந்தபோது அவர் சொல்லாமல் விட்டது அது. நாளையிலிருந்து வரலாம் என்றேன்.

"நாளைக்கு வேணாம், சார். இன்னைக்கே சேந்துக்கிறேன்."

சரி என்றேன். போர்வையை மடிவரை இழுத்து நேராக்கிக்கொண்டு நிமிர்ந்து உட்கார்ந்தார். அன்று மாலை உயிர் பிரிந்தது.

அக்காவைத் தூக்கி உட்கார வைத்த தாதிமாருக்கும், கடையைப் பூட்டிவிட்டு அடக்கத்துக்கு வந்த அண்ணைக்கும், பக்கத்து ஊர்களான ஸ்தேனிலிருந்தும் செவ்ரானிலிருந்தும் சோறு சமைத்துக்கொண்டு வந்த வீட்டாருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி.

பிள்ளைகளே, யாராவது கேட்டால், எங்கள் அத்தை அரசாங்க வேலையில் இருந்தவர் என்று சொல்லுங்கள். ஒரு பகல் மட்டும் என்றாலும்.

உங்கள் அப்பா